பஸ்ஸின் பின்னால் ஓடியவர்கள்

தனசேகரிடம் இருந்தது ஒரே ஒரு கதைதான். கல்யாணமான நாளிலிருந்து அந்த ஒன்றை வைத்துக்கொண்டே அவன் காலத்தை ஓட்டினான். காதுகுத்தோ கிரகப்பிரவேசமோ, சாப்பிட்டு இலையை மடக்கியதும் யாராவது ஒருவர், "கண்டக்டரே, உன் கதைய எடுத்துவுடு" என்று கிளப்பிவிடுவார்கள். அவன் தொண்டையைச் செருமிக்கொள்வான். அவன் மனைவி பிரமிளா அந்தச் செருமலைக் கேட்டதும் எழுந்து பாத்திரம் கழுவுகிற பக்கம் போய்விடுவாள். அங்கேயும் கேட்கும்.

"நகரி பஸ் ஸ்டாண்ட்ல விசில் ஊதிட்டேன். வண்டி நவுருது. திரும்பிப் பாத்தா ஒரு பொண்ணு ஓடியாருது. பூ ஒரு பக்கம் பறக்குது, செருப்பு ஒரு பக்கம் பறக்குது. பஸ்ஸப் புடிக்க வர்றான்னு பாத்தா, இல்ல. 'கண்டக்டர், கண்டக்டர்'னு என்னியே கூப்டுகினு வர்றா. எது வரைக்கும்ன்றீங்க? புத்தூர் வரைக்கும்! அம்மாந்தூரம் ஓடியாந்த பொண்ண வேணாம்னு சொன்னா பாவம் இல்லியா? அதான் தாலி கட்டிட்டேன்."

கூட்டம் சிரிக்கும். பெண்கள் பிரமிளாவைத் தேடி வந்து இடுப்பில் இடிப்பார்கள். தனசேகர் வீட்டுச் சொந்தக்காரர்கள் அவளுக்கு வைத்திருந்த பெயர் புத்தூர் எக்ஸ்பிரஸ்.

அவள் ஓடியது உண்மை. ஆனால் அவனுக்காக இல்லை. பிரமிளாவின் அப்பா நகரியில் பவர்லூம் போட்டிருந்தார். திருப்பதிக் கடைக்கு அனுப்ப வேண்டிய லுங்கி மூட்டையை அவளிடம் கொடுத்து பஸ்ஸில் ஏற்றச் சொன்னார். அவள் போர்டைப் படிக்காமல் சித்தூர் வண்டியில் தூக்கிப் போட்டுவிட்டாள். வண்டி கிளம்பிய பிறகு போர்டு கண்ணில் பட்டது. அப்புறம் ஓடாமல் என்ன செய்வாள்? ஊர்த் தண்ணீர்த் தொட்டி வரை ஓடினாள். செருப்பு அறுந்தது. உட்கார்ந்துவிட்டாள். அவ்வளவுதான்.

இதை அவள் சொன்னால் யாரும் கேட்பதில்லை. மூட்டைக்காக ஓடினாளாம், அதில் என்ன ருசி இருக்கிறது?

பிரமிளா சித்தூர் கட்டமஞ்சியில் லைட் கடை வைத்திருந்தாள். சீரியல் செட், ஃபோகஸ் லைட், பந்தல் டியூப் எல்லாம் வாடகைக்கு. அந்தக் கடைக்கு மாம்பழ சீசனில் ஒருநாள் கோவர்த்தனன் என்கிற பெரியவர் வந்தார். நாடகக் கம்பெனியில் லைட் போட்டவராம். வெள்ளை வேட்டி, கறுப்புக் கண்ணாடி. நீல ஃபோகஸ் ஒன்று வேண்டும் என்றார்.

"இன்னா விசேஷம் சார்?"

"கருமாதி."

"கருமாதிக்கு சேரு, ஃபேனு கேப்பாங்க. கலர் லைட்டு இன்னாத்துக்கு? டான்ஸ் எதுனா வெச்சிகீறீங்களா?"

"காரணம் மட்டும் அடகொத்து, கேக்காத அம்மா. லைட்ட குடு, நீயே வந்து கட்டிக் குடு."

செத்தவர் பக்கத்துத் தெருக்காரர்தான். அவரைப் பற்றி நல்லதாக ஒரு வார்த்தை அந்தத் தெரு கேட்டதில்லை. பந்து உள்ளே விழுந்தால் கத்தரிக்கோலால் வெட்டித் திருப்பி எறிகிற மனுஷன். பிரமிளா அவர் போட்டோவுக்கு நேராக நீல விளக்கைப் பொருத்தினாள். வந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து இரண்டு வார்த்தை பேசினார்கள். எதிர்வீட்டுக்காரர், "பெரியவரு எம் பையன் பந்த வெட்டினாரு. ஏன்? பையன் படிக்கணும்னு!" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

அந்த நேரம் பார்த்து யாரோ ஒயரை மிதித்து பிளக் கழன்றது. நீலம் போயிற்று.

"படுபாவி," என்று எதிர்வீட்டுக்காரர் அதே மூச்சில் தொடர்ந்தார். "கட்டையில போறவன்."

பிரமிளா பிளக்கைச் சொருகினாள்.

"கட்டையில போயிட்டாரே நம்மள வுட்டுட்டு!" என்று அவர் விம்மினார்.

அவள் பிளக்கைப் பிடுங்கிப் பார்த்தாள். திட்டு. சொருகினாள். அழுகை. மறுபடி பிடுங்கப் போனபோது கோவர்த்தனன் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். அவர் கறுப்புக் கண்ணாடி மூக்கு நுனிக்கு இறங்கியிருந்தது.

"அம்மா, வேண்டாம். எல்லாம் சொல்றேன். திருப்பதிக்கு வா."

இப்படித்தான் வர்ணஜோதி குப்த சங்கத்தில் பிரமிளா சேர்ந்தாள். குப்தம் என்றால் ரகசியம் என்று கோவர்த்தனனே விளக்கினார். சங்கத்தின் தலைவர் அவர். கூட்டம் நடப்பது திருப்பதி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால், சங்கத்தின் இன்னொரு ஆளான சண்முகம் மேனேஜராக இருந்த லாட்ஜில், ஆள் தங்காத ஒரு ரூமில். ரகசியம் அங்கே பெரிய பாடாக இருந்தது. நடுநடுவே மொட்டை போட்ட யாத்ரிகர்கள் கதவைத் தட்டி வெந்நீர் கேட்டார்கள். சண்முகம் ஒவ்வொரு தடவையும் எழுந்து போய், "கீசர் ரிப்பேர்" என்று தெலுங்கிலும் தமிழிலும் சொல்லிவிட்டு வந்து உட்கார்ந்தார்.

சத்தியம் செய்வது டார்ச் லைட்டின் மேல். 'ரகசியத்தை வெளியே சொன்னால் என் வீட்டு ஃபியூஸ் போகட்டும்.' பிரமிளாவின் வீட்டில் சொல்லாமலே வாரம் ஒருமுறை போய்க்கொண்டிருந்தது. அதனால் தைரியமாகச் சத்தியம் செய்தாள். யாருக்கும் சந்தேகம் வரக்கூடாதென்று சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவுக்கு 'தோத்தாபுரி ரேட்' என்று பெயர் வைத்திருந்தார்கள். அதை நம்பி நிஜமான மாங்காய் வியாபாரி ஒருவர் எப்படியோ உள்ளே நுழைந்து தினமும் காலையில் லோடு விவரம் கேட்டார். அவரை நீக்கினால் சந்தேகம் வரும் என்று விட்டுவைத்திருந்தார்கள்.

"உலகத்துல கதைதான் எல்லாம்," என்றார் கோவர்த்தனன். "அந்தக் கதைய ஆட்டிவைக்கிறது நாம. மஞ்சள் போட்டா, சொல்றத நம்புவாங்க. பச்சை போட்டா, கதை வளரும். நீலம் யார் மேல விழுதோ, கேக்கிறவங்க அவங்க பக்கம் சாஞ்சிடுவாங்க."

"மாம்பழக் கூழ் ஃபேக்டரி பின்னாடி பேய் கீதுன்றாங்களே, அது நம்ம பண்ணது," என்றார் சண்முகம் பெருமையாக. "மொதல்ல அது ஒரு பூனை. பச்சையில சொன்னோம். இப்போ ஏழடி. வாட்ச்மேன் நிக்க மாட்டேன்றான்."

"அதால யாருக்கு இன்னா லாபம்?"

சண்முகம் எழுந்து போய்க் கதவுத் தாழ்ப்பாளைச் சரிபார்த்தார். மூன்றாவது ஆளான தனபாக்கியம் பேச்சை மாற்றினாள். அவள் டெய்லர் கடை வைத்துக்கொண்டு கல்யாணத் தரகும் பார்த்தாள். தனக்குக் கல்யாணம் ஆகவில்லை. பெண் பார்க்கிற வீட்டுக் கூடத்தில் மஞ்சள் பல்பு மாட்டுவது அவள் வேலை.

"ரெண்டே சட்டம் அக்கா," என்றாள் தனபாக்கியம். "ஒண்ணு, சொந்த வூட்டுக் கதைக்கு லைட்டு போடக் கூடாது. ரெண்டு, ரெண்டு கலர கலக்கக் கூடாது."

"கலந்தா இன்னா ஆவும்?"

"தெரியாது. கலந்ததே இல்ல."

பிரமிளாவின் மனசில் முதல் சட்டம்தான் முள்ளாகக் குத்தியது. பேயை வளர்த்து, பந்து வெட்டினவனைப் புண்ணியவானாக்கி என்ன ஆகப்போகிறது? அவளுக்கு வேண்டியது ஒரே ஒரு காரியம். புருஷன் வாயில் இருக்கிற அந்தக் கதை சாக வேண்டும். அடுத்த கூட்டத்தில் வெளிப்படையாகவே கேட்டாள்.

கோவர்த்தனன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சங்கம் உயர்ந்த காரியத்துக்கும்மா. புருஷன் பொண்டாட்டி சண்டைக்கில்ல."

"தனபாக்கியம் தம்பி மொபைல் கடையில கவர் மாட்டுறான். திருப்பதி முழுக்க அவன் சாஃப்ட்வேர்னு நம்பிகினு கீது. அது எந்த உயர்ந்த காரியம் அண்ணா?"

தனபாக்கியம் பார்வையை ஃபேன் பக்கம் திருப்பினாள். சண்முகம், "கீசர் ரிப்பேர்" என்று யாரும் தட்டாத கதவைப் பார்த்துச் சொன்னார். அனுமதி மட்டும் கிடைக்கவில்லை.

பிரமிளா அனுமதிக்குக் காத்திருக்கிறவள் இல்லை. தனசேகரின் அக்கா மகள் ஹரிதாவுக்குத் திருப்பதியில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. வரவேற்புக்கு லைட் எல்லாம் மாமன் வீட்டுச் சீர் என்று அவளே ஏற்றுக்கொண்டாள். மண்டபத்தில் பூ வளைவுக்குப் பின்னால் ஒரு நீல ஃபோகஸை ஒளித்துவைத்து, முன் வரிசையில் தான் உட்காரப்போகிற நாற்காலிக்கு நேராகத் திருப்பினாள். ரிமோட் அவள் கைப்பையில். தனசேகர் மைக்கைப் பிடித்ததும் ஒரே அழுத்து. மண்டபம் முழுக்க அவள் பக்கம் சாயும். அப்பாவின் மூட்டைக்காகச் செருப்பறுந்து ஓடிய பெண்ணும், நிறுத்தாமல் போன கல்நெஞ்சுக் கண்டக்டரும்தான் எல்லோர் கண்ணுக்கும் தெரிவார்கள். இனி ஒருத்தி இடுப்பில் இடிப்பாளா, பார்க்கலாம்.

சாயங்காலம் மண்டபம் நிரம்பியது. மாப்பிள்ளை வீட்டார் குப்பம் ஊர்க்காரர்கள், கிரானைட் வியாபாரம். தனசேகரின் டெப்போவிலிருந்து ஒரு வண்டி ஆட்கள் வந்திருந்தார்கள். சம்பந்தம் பேசி முடித்தவள் என்கிற முறையில் தனபாக்கியமும் பட்டுப்புடவையில் வந்து பிரமிளாவைத் தெரியாதவள் மாதிரி நடந்துகொண்டாள். தாய்மாமன் நாலு வார்த்தை பேச வேண்டும் என்று கூப்பிட்டார்கள். தனசேகர் மேடையேறினான். செருமினான்.

பிரமிளா ரிமோட்டை அழுத்தினாள். நீலம் குளிர்ச்சியாக அவள் மடியில் விழுந்தது.

அதே நொடியில் வீடியோக்காரர் சந்துருவுக்கு, மாமன் பேசுவதைக் கொஞ்சம் ரொமான்டிக்காக எடுத்தால் என்ன என்று தோன்றிவிட்டது. தான் கொண்டுவந்திருந்த பெரிய சிவப்பு விளக்கைப் போட்டார். நீலத்தோடு சிவப்பு கலந்து, சுவரில் பட்டுத் திரும்பி, மண்டபம் முழுக்கக் கத்தரிக்காய் நிறமாயிற்று.

பிரமிளாவுக்கு ரிமோட்டில் எந்தப் பொத்தான் என்று மறந்துபோனது. அவள் தடவிக்கொண்டிருக்கையிலேயே தனசேகர் விசில் ஊதி, பூவைப் பறக்கவிட்டு, செருப்பைப் பறக்கவிட்டு, புத்தூர் வரை வந்து தாலியும் கட்டிவிட்டான்.

ஒருத்தரும் சிரிக்கவில்லை.

மாப்பிள்ளையின் அப்பா எழுந்து வந்து அவன் கையிலிருந்த மைக்கை மெதுவாக வாங்கினார். "ரொம்ப நன்றி சார். நெஞ்ச தொட்டுட்டீங்க. ஆனா அது நகரி இல்ல, குப்பம். ஓடியாந்தது என் வொய்ஃப்."

அவர் மனைவி பேங்க் மேனேஜர். லிஃப்ட் இல்லாத வீட்டுக்கு விருந்துக்குக் கூடப் போகாதவள். அவள் கைக்குட்டையால் கண்ணை ஒற்றிக்கொண்டு, "செருப்பு அந்துடுச்சி. அப்பவும் நான் நிக்கல," என்றாள்.

அப்புறம் மண்டபத்தை யாராலும் பிடிக்க முடியவில்லை. டெப்போ ஆட்கள் ஒவ்வொருவரும் தன் பஸ்ஸுக்குப் பின்னால் ஓடிவந்தவளைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தார்கள். நாதஸ்வரக்காரர் வாத்தியத்தை மடியில் வைத்துவிட்டு, "நான் கண்டக்டரா இருந்தப்போ" என்று ஆரம்பித்தார். அவர் பிறந்ததிலிருந்து நாதஸ்வரம்தான். சமையல்காரர் கரண்டியோடு வந்து, எல்லாரும் பொய் சொல்கிறார்கள், புத்தூர் வரை ஓடி வந்தது தன் வீட்டுக்காரி ஒருத்திதான் என்று சண்டைக்கு நின்றார். இரண்டு அத்தைமார் எந்த பஸ் என்று வாக்குவாதம் முற்றி முடியைப் பிடித்துக்கொண்டார்கள். மற்றபடி மண்டபத்தில் ஒரே காதல். முப்பது வருஷம் தனித்தனி வரிசையில் உட்கார்ந்த தம்பதிகள் நாற்காலியை இழுத்துப் பக்கத்தில் போட்டுக்கொண்டு ஒரே ஐஸ்கிரீம் கப்பில் இரண்டு ஸ்பூன் போட்டார்கள்.

"ஐயோ, இது என் கதைங்க!" என்றான் தனசேகர். மைக் இல்லை. ஒரு பெரியவர் அவன் தோளைத் தட்டி, "அடுத்தவங்க கதைய மேடையில சொல்றது தப்பு தம்பி," என்று புத்தி சொல்லிவிட்டுப் போனார்.

தனபாக்கியம் பிரமிளாவின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அவள் கண் சிவந்திருந்தது. "கலர கலந்துட்ட இல்ல அக்கா? எனக்குத் தெரியுது. லைட்டுதான்னு தெரியுது." மூக்கை உறிஞ்சினாள். "ஆனா நானும் ஓடினேன் அக்கா. அந்தப் பாவி நிறுத்தவே இல்ல."

பிரமிளா அவளிடம் தன் கைக்குட்டையை நீட்டினாள். ஆனால் உள்ளுக்குள் குளுகுளுவென்றிருந்தது. மூன்று பந்தி நடந்தது. ஒருத்தர்கூட அவளைப் புத்தூர் எக்ஸ்பிரஸ் என்று கூப்பிடவில்லை. எல்லோரும் எக்ஸ்பிரஸ்ஸாகிவிட்டார்கள். அவள் ஜிலேபியை இரண்டாம் முறை கேட்டு வாங்கித் தின்றாள்.

ஊர் திரும்புகிற பஸ்ஸில் தனசேகர் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு வெளியே பார்த்தபடி வந்தான். பிரமிளா கண் அசந்தாள். அசந்த நேரத்தில் ஓடிக்கொண்டிருந்தாள். பூ பறந்தது. நெஞ்சு நிறைய என்னவோ பொங்கியது. முன்னால் போகிற பஸ்ஸின் படிக்கட்டில் ஒரு கண்டக்டரின் முதுகு. அந்த முதுகு திரும்பினால் போதும், வேறு எதுவும் வேண்டாம் என்றிருந்தது.

தூக்கிவாரிப்போட்டு விழித்தாள். மூட்டை? மூட்டை எங்கே? அது என்ன நிறம், எத்தனை கனம் என்று யோசித்தாள். ஒன்றும் வரவில்லை. மூட்டை ஒன்று இருந்தது என்று அறிவுக்குத் தெரிந்தது, பாடப்புத்தகத்தில் படித்தது போல. ஞாபகத்தில் இருந்தது முதுகு மட்டும். தண்ணீர்த் தொட்டி வரை ஓடின கால், புத்தூர் வரை ஓடினதாகச் சொல்லி வலித்தது. அவளும்தானே அந்த வெளிச்சத்தில் உட்கார்ந்து கேட்டாள்.

"சனியன் புடிச்ச லைட்டு," என்றாள்.

"இன்னாமே?" என்றான் தனசேகர்.

"ஒண்ணுமில்ல. தூங்குங்க."

அவன் தூங்கவில்லை. அந்த வாரம் முழுக்கச் சரியாகச் சாப்பிடவும் இல்லை. டெப்போவில் டீ குடிக்கிற நேரம் ஆளாளுக்கு அவன் கதையைச் சொன்னார்கள். அவன் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு எழுந்து வருவான். டிக்கெட் கிழிக்கக்கூட மறந்து, இறங்குகிறவர்களே கூப்பிட்டு ஞாபகப்படுத்தினார்களாம். வீட்டுக்கு வந்தால் டிவியைப் போடாமல் டிவி முன்னால் உட்கார்ந்தான். பிரமிளா கேட்டது இதைத்தான். கிடைத்தபிறகு பார்க்கச் சகிக்கவில்லை. பணம், பதவி, நிலம் எதுவும் இல்லாத மனுஷன். ஒரு கதை வைத்திருந்தான், அதையும் முந்நூறு பேர் பங்குபோட்டுக்கொண்டு போய்விட்டார்கள்.

அவள் தம்பிக்குப் போன் போட்டாள். "டேய், அன்னிக்கி நான் எதுக்குடா பஸ் பின்னாடி ஓடினேன்? லுங்கி மூட்டைக்குத்தான?"

"இன்னா மூட்டை? ஓடியாந்தது என் பொண்டாட்டி, அக்கா. நீ எங்க ஓடின?" என்றான் அவன். அவனும் கல்யாணத்துக்கு வந்திருந்தான்.

இதற்குள் சங்கம் அவசரக் கூட்டத்துக்கு அழைத்திருந்தது. கோவர்த்தனன் மேஜையைக் குத்தினார். "சட்டம் ரெண்டையும் மீறிட்ட. கதை பலமநேரு தாண்டிப் போயிகினு கீது. எவனப் பாத்தாலும் பஸ் பின்னாடி ஓடியாந்தாள்ன்றான். நம்ம சங்கத்தோட மானம் போச்சி."

"இத மாத்த வழி கீதா அண்ணா?"

மூன்று பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கதையை ஆட்டிவைக்கிற சங்கத்துக்கு, ஆடின கதையை நிறுத்தத் தெரியாது. சண்முகம் மட்டும் யோசித்துச் சொன்னார்: "மண்டபத்துக்கு வராத ஆளு, ஆனா அன்னிக்கி நடந்தத கண்ணால பாத்த ஆளு, அப்படி யாருனா இருந்தா கேளும்மா. அவங்ககிட்ட மட்டும் பழசு அப்படியே இருக்கும்."

அத்தோடு அவளைச் சங்கத்திலிருந்து நீக்கினார்கள். 'தோத்தாபுரி ரேட்'டிலிருந்தும் நீக்கினார்கள். மாங்காய் வியாபாரி மட்டும் தனியாக மெசேஜ் போட்டு, ஏன் அம்மா, வியாபாரத்தில் நஷ்டமா என்று விசாரித்தார்.

அவள் படியிறங்கும்போது கோவர்த்தனன் பின்னாலேயே வந்தார். சுற்றிலும் பார்த்துக்கொண்டு குரலைத் தாழ்த்தினார்.

"அம்மா, அந்த ஊதா... இன்னொரு வாட்டி போட முடியுமா? அன்னிக்கி நான் வரல. எல்லாருக்கும் யாரோ ஒருத்தி ஓடியாந்துகீறா. எனக்கு மட்டும் ஒருத்தியும் இல்ல."

"வூட்ல போயி அண்ணிய கேளுங்க. உங்களுக்காக எப்பனா ஓடிகீறாங்களான்னு."

"கேட்டேன். ரேஷன் கடைக்கு ஓடிகீறேன்னு சொன்னா."

பிரமிளா சிரித்துவிட்டாள். பாவமாகவும் இருந்தது. "வேணாம் அண்ணா. அடுத்தவன் கதை, உங்களுக்கு ஒத்துவராது," என்று சொல்லிவிட்டு, அங்கிருந்தே நகரி பஸ் பிடித்தாள்.

மண்டபத்துக்கு வராத ஆள், அவளுடைய நைனாதான். முழங்கால் வலி என்று கல்யாணத்துக்கு வரவில்லை. பவர்லூம் இரண்டும் தடதடவென்று ஓடிக்கொண்டிருந்தன. அவள் கத்திக் கேட்டாள், அவர் கத்தி, "இன்னா?" என்றார். மறுபடி கத்தினாள். மறுபடி, "இன்னா?" கடைசியில் கரண்ட் போனது. தறி நின்றது. அந்தத் திடீர் அமைதியில் அவள், "நான் எதுக்கு ஓடினேன் நைனா?" என்று கத்தினது தெருவுக்கே கேட்டது.

"மூட்டைக்கு," என்றார் அவர் சாதாரணமாக. "பச்சைக் கட்டம் போட்ட லுங்கி. போர்ட படிக்காம சித்தூர் வண்டியில தூக்கிப் போட்ட. நான்கூட உன்ன ஏசினேனே."

பிரமிளாவுக்கு மூச்சு வந்தது. "அப்போ அவரு சொல்றது பொய்தான?"

"சுத்தப் பொய். புத்தூரு வரைக்கும் மனுஷி ஓடுவாளா?" அவர் அறுந்த நூலைத் தேடி எடுத்து முடி போட்டார். "மறுநாளே அந்தக் கண்டக்டரு மூட்டையக் கொண்டாந்து குடுத்துட்டான். நல்ல பையன்."

"ஆமா."

"அதுக்கு மறுநாளு நீ தலைய வாரி, பூ வெச்சிகினு பஸ் ஸ்டாண்டுக்குப் போன. அன்னிக்கி அனுப்ப மூட்டையே கெடையாது. அது எதுக்கு?"

பிரமிளா வாயைத் திறந்தாள். அந்த நேரத்தில் கரண்ட் வந்து தறி ஓட ஆரம்பித்தது. நைனா மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை. அவருக்குப் பதில் தேவைப்பட்டதாகவும் தெரியவில்லை. அவள் அங்கேயே நின்றாள். அந்த நாளை அவள் யாரிடமும் சொன்னதில்லை. தனக்கே சொல்லிக்கொண்டதில்லை. எந்த விளக்கும் அதைத் தொட்டிருக்கவில்லை.

சித்தூரில் இறங்கியதும் வீட்டுக்குப் போகாமல் பஸ் ஸ்டாண்டிலேயே உட்கார்ந்தாள். தனசேகருக்கு அன்றைக்குக் குப்பம் டியூட்டி. அவன் வண்டி வந்ததும் ஏறி ஜன்னலோரம் இடம் பிடித்தாள்.

அவன் பக்கத்தில் வந்து நின்றான். "எங்க போற?"

"குப்பம்."

"குப்பத்துல இன்னா வேல?"

"ஒரு வேலையும் இல்ல."

அவன் அவளை ஒருமாதிரி பார்த்தான். பின்னால் நாலைந்து பேர் கவனிக்கிறார்கள் என்பதால், "ஆதார் கார்ட காட்டு," என்று கேட்டு வாங்கி, பெண்களுக்கான இலவச டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்துவிட்டுப் போனான்.

பலமநேரில் பாதி வண்டி காலியானது. அவன் வந்து பக்கத்து சீட்டில் உட்கார்ந்து காலை நீட்டினான். பிரமிளா ஜன்னலைப் பார்த்தபடியே சொன்னாள்.

"மூட்டைய குடுத்துட்டுப் போனீங்க இல்ல? அதுக்கு மறுநாளு நான் பஸ் ஸ்டாண்டுக்கு வந்தேன்."

"எதுக்கு?"

"சும்மாதான்."

அவன் காலை மடக்கிக்கொண்டான். விரல்விட்டு எதையோ கணக்குப் போட்டான். "மறுநாளா? அன்னிக்கி எனக்கு வார லீவு மே."

"தெரியும். வேற ஒரு கண்டக்டரு வந்தான். அவன் மூஞ்சியப் பாத்ததும் எனக்கு ஆத்திரமா வந்துச்சி."

தனசேகர் சிரித்தான். கல்யாண மண்டபத்துக்குப் பிறகு அவன் சிரித்தது அப்போதுதான். டிரைவர் கண்ணாடியில் பார்க்கிற அளவுக்குச் சிரித்தான். "எம்மா நேரம் நின்ன?"

"சாயந்திரம் வரைக்கும்."

"பொய்யி."

"பொய்தான். அந்த ஒரு பஸ்ஸு போற வரைக்கும்."

அவன் பாதி எழுந்தான். டிரைவர் பக்கம் அவன் கழுத்து திரும்புவதைப் பார்த்ததும் பிரமிளா அவன் சட்டையைப் பிடித்து இழுத்து உட்காரவைத்தாள். "யார்கிட்டனா சொன்னீங்கன்னா இங்கியே எறங்கிடுவேன். காடுன்னுகூட பாக்க மாட்டேன்."

"இல்ல, இல்ல. சொல்லல." சட்டையைச் சரிசெய்துகொண்டான். முகம் முழுக்க என்னவோ பூசினதுபோல் இருந்தது. அடுத்த நிறுத்தத்தில் கூட்டம் ஏறியது. அவன் எழுந்து போய் டிக்கெட் கிழித்தான். இரண்டு பேருக்குக் கிழித்துவிட்டு அவளைத் திரும்பிப் பார்த்தான். மறுபடி இரண்டு பேர், மறுபடி ஒரு பார்வை. ஒரு கிழவர், "ஓய், நாக்கு டிக்கெட் இவ்வய்யா," என்று தனக்கு டிக்கெட் கேட்டுத் தெலுங்கில் அதட்டினார்.

குப்பத்தில் வண்டி நின்றது. அதே வண்டிதான் சித்தூருக்குத் திரும்பும் என்பதால் பிரமிளா இறங்கவில்லை. தனசேகர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டுவிட்டு, சூடாக மிளகாய் பஜ்ஜி வாங்கிக்கொண்டு வந்தான். அவளிடம் பொட்டலத்தைக் கொடுத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தான். அவள் ஒன்றை எடுத்துக் கடித்தாள். அவன் சாப்பிடவில்லை. எதையோ கேட்க வாயெடுப்பதும் மூடுவதுமாக இருந்தான்.

"இன்னாங்க?"

"ஒண்ணுமில்ல." டிக்கெட் பையைத் திறந்து மூடினான். "அன்னிக்கி எனக்குப் பதிலா வந்தான்னு சொன்னியே, அந்தக் கண்டக்டரு. யாருமே அவன்? ஆளு எப்படி இருந்தான்?"

 பிரமிளா அடுத்த பஜ்ஜியை எடுத்து நிதானமாக ஊதி ஊதித் தின்ன ஆரம்பித்தாள்.